டெக்சஸில் கார்ப் பதிவும் டைட்டிலும்: கடனில் உள்ள வண்டி ஒன்று, கைமாறி வரும் வண்டி ஒன்று

கேள்வி: புதுக்குடித்தனம் (பிளேனோ)

அனைவருக்கும் வணக்கம். நியூ ஜெர்சியில் ஆறு ஆண்டுகள் இருந்துவிட்டு, சென்ற மாதம் டெக்சஸின் காலின் கவுண்டிக்குக் குடிவந்திருக்கிறோம். உடன் கொண்டுவந்த கார் என் கணவர் பெயரில் உள்ளது. அதன் கடன் முடிய இன்னும் இரண்டு ஆண்டுகள் இருப்பதால் டைட்டில் என்னும் உரிமைப் பத்திரம் வங்கியிடமே இருக்கிறது. எங்கள் கையில் இருப்பது நியூ ஜெர்சிப் பதிவுச் சீட்டு மட்டுமே. ஊரில் கடன் இருந்தாலும் ஆர்.சி. புத்தகம் நம்மிடம் இருக்கும், அதைக் காட்டினால் வேலை நடக்கும். இங்கே டைட்டில் இல்லாமல் புதிய மாநிலத்தில் பதிவு செய்ய முடியுமா என்று தெரியவில்லை.

இரண்டாவதாக, நான் வேலைக்குச் சென்று வருவதற்காக, கணவருடன் பணிபுரியும் ஒருவரிடமிருந்து 2016ஆம் ஆண்டுக் கார் ஒன்றை 9,000 டாலருக்குப் பேசி முடித்திருக்கிறோம். அவர் காட்டிய டெக்சஸ் டைட்டிலின் முன்பக்கத்தில் ஒரு கடன் நிறுவனத்தின் பெயர் அச்சாகியிருக்கிறது. கடனை மூன்று ஆண்டுகளுக்கு முன்பே அடைத்துவிட்டதாகவும், அதற்கான கடிதம் வீடு மாறியபோது தொலைந்துவிட்டதாகவும் சொல்கிறார். பின்பக்கத்தில் கையெழுத்துப் போட்டுத் தந்துவிடுவதாகவும், எங்கள் பெயரையும் தேதியையும் வசதிப்படும்போது நாங்களே எழுதிக்கொள்ளலாம் என்றும் கூறுகிறார். நல்ல மனிதர்தான், ஆனாலும் மனம் ஒப்பவில்லை. அனுபவம் உள்ளவர்கள் வழிகாட்ட வேண்டுகிறேன்.

பதில்: காவிரிக்கரை (ஹூஸ்டன்)

வணக்கம் சகோதரி. ஊரில் உரிமையும் பதிவும் ஒரே ஆர்.சி.யில் அடங்கிவிடுவதால்தான் நம்மவர்கள் எல்லோருக்கும் இந்தக் குழப்பம் வருகிறது. இங்கே இரண்டும் தனித்தனித் தாள்கள். டைட்டில் என்பது வீட்டுப் பத்திரம் போன்றது. ரெஜிஸ்ட்ரேஷன் என்பது ஆண்டுதோறும் கட்டும் வீட்டு வரியின் ரசீது போன்றது. பத்திரம் வங்கியில் அடமானமாக இருக்கிறது என்பதற்காக வீட்டு வரி கட்டாமல் இருக்க முடியாது அல்லவா? அதேபோல், வெளிமாநில வங்கியிடம் டைட்டில் இருக்கும்போதே டெக்சஸில் பதிவை மட்டும் செய்துகொள்ள வழி உண்டு. டைட்டிலுக்கும் பதிவுக்கும் விண்ணப்பிக்கும் 130-யூ என்ற படிவத்தில் பதிவுக்கு மட்டும் என்று குறிக்கும் கட்டம் ஒன்று இருக்கிறது. அதைக் குறித்து, நியூ ஜெர்சிப் பதிவுச் சீட்டைச் சான்றாகக் கொடுங்கள். கடன் முடிந்து டைட்டில் கைக்கு வந்தபின் டெக்சஸ் டைட்டிலுக்கு விண்ணப்பித்தால் போதும்.

போக வேண்டிய இடம் கவுண்டி வரி அலுவலகம். நியூ ஜெர்சியில் உரிமம், பதிவு, டைட்டில் மூன்றையும் ஒரே துறையிடம் பார்த்துப் பழகியவர்கள், இங்கே டி.பி.எஸ். என்ற மாநிலப் பொதுப் பாதுகாப்புத் துறையின் வரிசையில் இரண்டு மணி நேரம் நின்ற பிறகுதான் அங்கே ஓட்டுநர் உரிமம் மட்டுமே தருவார்கள் என்று அறிந்து திரும்புகிறார்கள். (நானும் அப்படித் திரும்பியவன்தான்.) குடிவந்த 30 நாட்களுக்குள் வண்டியையும், 90 நாட்களுக்குள் உரிமத்தையும் மாற்ற வேண்டும். சொந்த வண்டி வைத்திருப்பவர் உரிமம் கேட்டு வந்தால் அந்த வண்டியின் டெக்சஸ் பதிவைக் காட்டச் சொல்வார்கள் என்பதால், வண்டி வேலையை முதலில் முடித்துவிடுவது நல்லது.

அதற்கும் முன்னதாக டெக்சஸ் காப்பீடு எடுத்தாக வேண்டும். இங்கே சட்டம் கேட்கும் குறைந்தபட்சம், காயத்துக்கு ஒருவருக்கு 30,000 டாலர், ஒரு விபத்துக்கு 60,000, பொருட்சேதத்துக்கு 25,000. அடுத்தது புகைப் பரிசோதனை. தனியார் வண்டிகளுக்கான பாதுகாப்புப் பரிசோதனை 2025 ஜனவரி 1 முதல் நீக்கப்பட்டுவிட்டது. ஆனால் காலின், டாலஸ், டென்டன், ஹாரிஸ், டிராவிஸ் போன்ற கவுண்டிகளில் பெட்ரோல் வண்டிகளுக்குப் புகைப் பரிசோதனை இன்னும் உண்டு. பாதுகாப்புப் பரிசோதனையை நீக்கினார்களே தவிர, அதற்கான 7.50 டாலரை வேறு பெயரில் ஆண்டுதோறும் வாங்கிக்கொண்டுதான் இருக்கிறார்கள். உங்கள் கணவர் பெயரில் ஏற்கெனவே வெளிமாநிலத்தில் பதிவான வண்டி என்பதால் விற்பனை வரி கிடையாது. புதிதாகக் குடிவந்தவருக்கான 90 டாலர் வரியோடு, 50.75 டாலர் அடிப்படைப் பதிவுக் கட்டணமும் கவுண்டியின் சில்லறைக் கட்டணங்களும் சேரும்.

ஒன்றை மட்டும் மறந்துவிடாதீர்கள். நியூ ஜெர்சி நம்பர் பிளேட்டுகளை அந்த மாநிலத்துக்குத் திருப்பி அனுப்பி, அதற்கான ரசீது வந்த பிறகே அங்குள்ள காப்பீட்டை நிறுத்துங்கள். பிளேட் அங்கே கணக்கில் இருக்கும்போது காப்பீடு நின்றால், காப்பீடில்லாமல் வண்டி வைத்திருப்பதாகக் கொண்டு நோட்டீஸ் அனுப்புவார்கள்.

பதில்: தென்னந்தோப்பு (கேட்டி)

முதல் வண்டியைப் பற்றிக் காவிரிக்கரை ஐயா சொன்னதற்கு மேல் சொல்ல ஒன்றுமில்லை. இரண்டாவது வண்டி விஷயத்தில், நீங்கள் விவரித்த அதே ஏற்பாட்டில் நான் சிக்கிய கதையைச் சொல்கிறேன்.

2019இல் தெரிந்தவர் ஒருவரிடம் கார் வாங்கினேன். அவரும் பின்பக்கத்தில் கையெழுத்து மட்டும் போட்டு, மற்ற இடங்களை வெற்றாக விட்டுத் தந்தார். வேலைப் பளுவில் நான்கு மாதங்கள் அதை மேசை இழுப்பறையில் வைத்திருந்துவிட்டு, ஒரு நாள் இரவு எடுத்து நிரப்பும்போது வாங்குபவர் பெயர் வர வேண்டிய இடத்தில் விற்பவர் பெயரை எழுதிவிட்டேன். வெள்ளை மை தடவி, காய்ந்தபின் அதன்மேல் சரியாக எழுதினேன். வரி அலுவலகத்து அம்மையார் தாளை வாங்கியதும் ஒன்றும் பேசவில்லை. விளக்கை நோக்கித் தூக்கிப் பிடித்தார், கட்டைவிரலால் அந்த இடத்தை ஒருமுறை தடவினார், திருப்பிக் கொடுத்துவிட்டார். டைட்டிலில் அழித்தலோ திருத்தலோ இருந்தால் அதை ஏற்க மாட்டார்கள் என்பது அன்றுதான் எனக்குத் தெரியும். உரிமையாளரே வி.டி.ஆர்-34 படிவத்தில் விண்ணப்பித்துச் சான்றளிக்கப்பட்ட நகல் பெற வேண்டும் என்றார்கள். கட்டணம் தபாலில் அனுப்பினால் 2 டாலர், நேரில் சென்றால் 5.45, அது பெரிதில்லை. எனக்கு விற்ற அந்த உரிமையாளரோ அதற்குள் வேலையை விட்டுக் கோயம்புத்தூருக்கே போய்விட்டிருந்தார். படிவம் கூரியரில் போய்க் கையெழுத்தாகி வந்து, நகல் அவருக்குச் சென்று, அவர் மறுபடி கையெழுத்திட்டு அனுப்பி முடிய ஏழு வாரங்கள் ஆயின. டைட்டில் மாற்றத் தாமதத்துக்கு 30 நாட்களுக்கு 25 டாலர் வீதம் அபராதம் ஒருபுறம். வரியைத் தாமதமாகக் கட்டியதற்கு 10 சதவீதம் மறுபுறம்.

அவருக்கும் என்மேல் மனத்தாங்கல் இருந்தது. விற்றதை மாநிலத்துக்குத் தெரிவிக்கும் அறிவிப்பை அவர் அனுப்பாததால், நான் ஓட்டிச் சென்ற சுங்கச் சாலைகளின் கட்டணமெல்லாம் அவர் பெயரில் ஏறியிருந்தது. உங்கள் விற்பனையாளரிடம் அந்த அறிவிப்பை 30 நாட்களுக்குள் இணையத்திலேயே அனுப்பிவிடச் சொல்லுங்கள். அது அவருக்கே பாதுகாப்பு.

டைட்டிலில் உள்ள கடன் நிறுவனத்தின் பெயரைப் பழைய அச்சு என்று விட்டுவிட முடியாது. ஊரில் ஆர்.சி.யில் உள்ள ஹைப்பாதிகேஷன் என்ற கடன் குறிப்பை நீக்க வங்கியின் என்.ஓ.சி.யும் படிவம் 35-உம் கேட்பதுபோல், இங்கே லீன் (வண்டியின்மேல் கடன் கொடுத்தவருக்கு உள்ள உரிமை) விடுவிப்புக் கடிதத்தின் அசல் வேண்டும். அது இல்லாவிட்டால் அந்தக் கடன் உங்கள் டைட்டிலிலும் தொடரும். கடன் உண்மையிலேயே முடிந்திருந்தால் அந்த நிறுவனம் மறுகடிதம் தரத் தயங்காது. கடிதத்தைக் கேட்க வேண்டியவர் கடன் வாங்கிய அவர்தான். அது கைக்கு வரும்வரை நீங்கள் பணம் கொடுக்காதீர்கள்.

புதுக்குடித்தனம்

இருவருக்கும் நன்றி. கடிதத்துக்கு விண்ணப்பிக்க விற்பவர் இசைந்துவிட்டார். மேலும் இரண்டு கேள்விகள். விலையை 5,000 டாலர் என்று எழுதினால் வரி குறையும் என்றும், அன்பளிப்பு என்று காட்டினால் 10 டாலரோடு முடிந்துவிடும் என்றும் வேறொரு நண்பர் சொல்கிறார். இது சரிதானா? வண்டியை என் பெயரில் மட்டும் எழுதலாமா, இருவர் பெயரிலுமா?

பதில்: வைகைவாசி (ஆஸ்டின்)

அன்பளிப்புக்கு 10 டாலர் என்பது கணவன் மனைவி, பெற்றோர், பிள்ளைகள், உடன்பிறந்தோர், பாட்டன் பாட்டி, பேரப்பிள்ளைகள் போன்ற நெருங்கிய உறவுகளுக்கு உரியது. அதற்கும் இரு தரப்பும் சத்தியப் பிரமாணம் தர வேண்டும். உடன் பணிபுரிபவர் எவ்வளவு நெருக்கமானவராக இருந்தாலும் அந்த வரிசையில் வரமாட்டார்.

விலையைக் குறைத்து எழுதுவதால் பலனும் இல்லை. தனியாரிடம் வாங்கும் பழைய வண்டிக்கு, கொடுத்த விலை அல்லது மாநிலம் வைத்திருக்கும் எஸ்.பி.வி. என்ற அனுமான மதிப்பில் 80 சதவீதம், இவற்றில் எது அதிகமோ அதற்குத்தான் 6.25 சதவீத வரி. உங்கள் வண்டியின் அனுமான மதிப்பு 14,000 டாலர் என்று வைத்துக்கொள்வோம். அதில் 80 சதவீதம் 11,200, வரி 700 டாலர். நீங்கள் 9,000 என்று எழுதினாலும் 5,000 என்று எழுதினாலும் அதே 700தான். அதற்காகப் பொய் எழுதினால், பத்தாண்டு வரை சிறை என்று 130-யூ படிவத்திலேயே எச்சரிக்கை அச்சிட்டிருக்கிறார்கள். விசாவில் இருக்கும் நாம் அந்தப் பக்கம் போகவே கூடாது. வண்டி அடிபட்டோ பழுதாகியோ உண்மையிலேயே மதிப்புக் குறைந்திருந்தால், வாங்கிய 20 வேலை நாட்களுக்குள் உரிமம் பெற்ற டீலரிடம் மதிப்பீடு வாங்கி, அதன்படி வரி கட்டலாம். மாநில டி.எம்.வி. (மோட்டார் வாகனத் துறை) தளத்தில் வண்டியின் வி.ஐ.என். என்ற அடையாள எண்ணையும் ஓடிய மைலையும் கொடுத்தால் அனுமான மதிப்பு தெரிந்துவிடும். போகும் முன் பார்த்துக்கொள்ளுங்கள்.

பெயரைப் பொறுத்தவரை, இருவர் பெயரிலும் எழுதி, ஒருவர் இல்லாமல்போனால் மற்றவருக்கே உரிமை சேரும் என்ற ஒப்பந்தத்தையும் டைட்டிலில் சேர்த்துக்கொள்ளுமாறு சொல்வேன். கணவரை இழந்த எங்கள் நண்பரின் மனைவி, அவர் பெயரில் மட்டும் இருந்த பழைய காரை விற்க வாரிசு உறுதிமொழிக்காக அலைந்ததைப் பார்த்தவன் என்பதால் சொல்கிறேன். இருவர் பெயரில் இருந்தால் விற்கும்போது இருவரும் கையெழுத்திட வேண்டும். அந்த அலைச்சலோடு ஒப்பிட்டால் இந்தச் சிரமம் ஒன்றுமில்லை.

கடிதம் வந்ததும் விற்பவரையும் உடன் அழைத்துக்கொண்டு வரி அலுவலகத்துக்கே சென்று, அங்கே வைத்து நிரப்புங்கள். மைலேஜ் எண்ணை வண்டியில் பார்த்து அவரே எழுதட்டும். 2011ஆம் ஆண்டு மாடலுக்கும் அதற்குப் பிந்தைய வண்டிகளுக்கும் அது 20 ஆண்டுகள் வரை கட்டாயம். கறுப்பு மைப் பேனா ஒன்றைக் கையோடு கொண்டுபோங்கள்.