கார் செட்டில் ‘ப்ரொடெக்ட்’ என்று வந்து பாட்டு நின்றுவிடுகிறது, உதவி தேவை

தேனிக்காரன்:
வணக்கம் நண்பர்களே. 2012 மாடல் ஹேட்ச்பேக் வண்டி. ஆடியோ செட் வெளியில் வாங்கி மாட்டியது, நான்கு ஸ்பீக்கர், தனி ஆம்ப் கிடையாது. ரெண்டு வாரமாகப் பாட்டு ஓடும்போதே டக்கென்று நின்று, திரையில் ‘ப்ரொடெக்ட்’ என்று வருகிறது. அணைத்துப் போட்டால் சில நேரம் பாடுகிறது. வண்டிக் கம்ப்யூட்டரில் பதிவான பழுதைக் காட்டும் ஓபிடி ஸ்கேனரில் ஒரு பிழைக் குறியீடும் இல்லை. கடையில் செட்டுக்குள் இருக்கும் ஐசி சிப் போய்விட்டது, புது செட் போடுங்கள் என்கிறார்கள். மாதம் ஒருமுறை அப்பாவைக் கண் ஆஸ்பத்திரிக்கு மதுரை கூட்டிப் போகிறேன். பழைய பாட்டு ஓடினால்தான் அவருக்குத் தூரம் தெரியாது.

ஒயர்மேன்:
தம்பி, புது செட் வாங்கிவிடாதீர்கள், கொஞ்சம் பொறுங்கள். வெளியில் வாங்கி மாட்டிய செட் வண்டிக் கம்ப்யூட்டரோடு பேசாது, அதனால் ஸ்கேனரில் எதுவும் வராது. அந்த ‘ப்ரொடெக்ட்’தான் இங்கே பிழைக் குறியீடு. பெரும்பாலும் ஸ்பீக்கர் ஒயர் எங்கோ வண்டியின் தகர பாடியில் படுகிறது என்று அர்த்தம்.

இந்த செட்களில் ஸ்பீக்கர் மைனஸ் என்பது எர்த் இல்லை. ப்ளஸ், மைனஸ் ரெண்டிலுமே சுமார் 6 வோல்ட் நிற்கும். எது தகரத்தைத் தொட்டாலும் செட் தன்னைக் காப்பாற்றிக்கொள்ள வாயை மூடிவிடும்.

செட்டை வெளியே இழுத்து, பின்னால் இருக்கும் பழுப்பு சாக்கெட்டை மட்டும் கழற்றுங்கள். அது ஸ்பீக்கருக்கு. கறுப்பு பவர், அது இருக்கட்டும். அரை மணி நேரம் ஓடவிடுங்கள். அப்போதும் ‘ப்ரொடெக்ட்’ வந்தால் கடைக்காரர் சொன்னது சரி.

தேனிக்காரன்:
அண்ணா, ஒரு மணி நேரம் விட்டேன். வரவே இல்லை!

மழைநாள்:
கதவைத் திறந்து மூடும்போது வருகிறதா? என் வண்டியில் கீல் பக்கம் ஒயர் உரசியிருந்தது.

ஒயர்மேன்:
நல்ல கேள்வி. தம்பி, இப்போது பழுப்பு சாக்கெட்டின் வண்டிப் பக்கத்து ஒயர்களில் மல்டிமீட்டர் வையுங்கள். செட் கழன்றே இருக்கட்டும். நிறம் மாற்றாமல் இருந்தால் வெள்ளை முன் இடது, சாம்பல் முன் வலது, பச்சை பின் இடது, ஊதா பின் வலது. கறுப்புக் கோடு போட்டது மைனஸ். ஒவ்வொரு ஜோடியிலும் 4 ஓம் ஸ்பீக்கருக்கு 3 முதல் 4 ஓம் வரை காட்ட வேண்டும். அப்புறம் மீட்டரை பீப் மோடில் போட்டு, ஒரு முனையை பாடியில் வைத்து ஒவ்வொரு ஒயராகத் தொடுங்கள், எதிலும் பீப் வரக்கூடாது. தொட்டுக்கொண்டே வீட்டில் ஒருவரை நான்கு கதவையும் ஆட்டச் சொல்லுங்கள்.

தேனிக்காரன்:
கிடைத்துவிட்டது அண்ணா! சாம்பல் ஒயர். டிரைவர் கதவைப் பாதி திறக்கும்போது மட்டும் பீப். என் தம்பிதான் கதவை ஆட்டினான். கீல் நடுவில் இருக்கும் ரப்பர் குழாயை உருவிப் பார்த்தால், மடிப்பில் ஒயரின் தோல் வெடித்து, உள்ளே செம்பு பச்சை பிடித்துக் கிடக்கிறது. அங்கேயே ஈயம் வைத்து டேப் சுற்றிவிடலாமா?

ஒயர்மேன்:
வேண்டாம். ஈயம் வைத்த இடம் விறைத்துக்கொள்ளும், கதவு மடங்க மடங்க அதன் பக்கத்திலேயே மறுபடி ஒடியும். ரப்பருக்குள் ஜாயின்ட் இல்லாமல் புது ஒயரை முழு நீளமாக விடுங்கள். ஒரு ஜாயின்ட் கதவுக்குள், இன்னொன்று டேஷ்போர்டுக்குக் கீழே. கறுப்புக் கோட்டு ஒயரையும் சேர்த்து மாற்றுங்கள், அதுவும் அதே மடிப்பில்தான் இத்தனை வருடம் இருந்திருக்கிறது.

தேனிக்காரன்:
ரெண்டையும் மாற்றிவிட்டேன். நேற்று மதுரை போய் வந்தோம், ஒரு இடத்திலும் நிற்கவில்லை. ஆண்டிபட்டி தாண்டும்போது சத்தத்தைக் கூட்டச் சொன்னார் அப்பா. ரொம்ப நன்றி அண்ணா, மழைநாளுக்கும் நன்றி.