மிஷேல் லெக்ரான் நடிச்ச படங்கள் பத்தி ஒரு ஹெல்ப்

ஃப்ரெண்ட்ஸ், நேத்து ராத்திரி தூக்கம் வராம பிரெஞ்சு டைரக்டர் ஆக்னஸ் வார்தாவோட 'கிளியோ ஃப்ரம் 5 டு 7' (1962) போட்டு பாத்தேன், அதுல பாடகியான ஹீரோயின் வீட்டுக்கு பாப் (Bob)னு ஒருத்தர் வந்து சும்மா கலாய்ச்சுக்கிட்டே பியானோ வாசிப்பாரே, யாருடா இவ்ளோ அசால்ட்டா வாசிக்கிறான்னு தேடுனா அந்தப் படத்தோட மியூசிக் டைரக்டர் மிஷேல் லெக்ரானே தானாம்! ஜோக்கடிச்சிட்டே இருந்தவர் திடீர்னு 'சான் துவா' பாட்டை ஆரம்பிச்சதும் ரூமே மாறிடுது, அந்த சீன மட்டும் நாலு வாட்டி பாத்துட்டேன்.

இவர் மியூசிக் போட்டு 1964-ல வந்த 'தி அம்ப்ரெல்லாஸ் ஆஃப் ஷெர்பூர்' படம் (வசனம் பூரா பாட்டாவே இருக்குமே, ஜாக் தெமி எடுத்தது) பாத்திருக்கேன். மூணு ஆஸ்கர் வாங்குனவர்னும் தெரியும், 2019-ல இறந்துட்டார். ஆனா நடிப்பாருன்னு சத்தியமா தெரியாது.

இப்ப கேள்வி என்னன்னா, இவர் திரையில வர்ற வேற படம் எது எதுன்னு யாராச்சும் சொல்லுங்களேன், ஒரு சீன் வந்தாலும் ஓகே. அப்புறம் 1989-ல அவரே டைரக்ட் பண்ண 'சேங்க் ஜூர் ஆன் ஜுவான்' இங்கிலீஷ் சப்டைட்டிலோட எங்க கிடைக்கும்? காசு குடுத்து பாக்கவும் ரெடி, டோரண்ட் லிங்க் மட்டும் வேணாம் ப்ளீஸ்.