தென்பெண்ணை நுரை, ஏரிக் கழிவு, செத்த மீன்: கிட்ட இருந்து பார்த்தவர்கள் சொல்லுங்கள்

அணைக்கரையான்

ரொம்ப நாளாக மனசில் கிடக்கிறது, எழுதிவிடுகிறேன். கிருஷ்ணகிரிக்குப் பக்கத்தில் தென்பெண்ணையில் இருக்கிற கேஆர்பி டேம்தான் ஊர். நைனா பரிசல்காரர். வலை போடுகிற இடம் வந்ததும் துடுப்பை மடியில் வைத்துவிட்டு ஒரு கை தண்ணீர் அள்ளி வாயில் விட்டுக் கொப்பளித்துத் துப்புவார். பார்க்கிறவர்களுக்கு சாமி கும்பிடுகிற மாதிரி இருக்கும். மேலே மழை பெய்து புதுத்தண்ணீர் இறங்கியிருந்தால் மண் ருசி தெரியும் என்பார். அன்றைக்கு வலையைக் கரையோரமாக விடுவார்.

நான் ஓசூரில் வேலைக்குச் சேர்ந்த பிறகு மாதம் ஒரு தடவைதான் ஊருக்கு வருகிறேன். போன ஐப்பசியில் விடியற்காலை அவரோடு பரிசலில் போனேன். தண்ணீர் பச்சைப் பெயிண்ட்டைக் கரைத்த மாதிரி இருந்தது, துடுப்பைத் தூக்கினால் துடுப்பிலேயே ஒட்டிக்கொண்டு வந்தது. நைனா வழக்கம்போல அள்ளினார். வாய்வரைக்கும் கொண்டுபோன கை அங்கேயே நின்றது. ஒரு தடவை முகர்ந்து பார்த்தார். விரலை விரித்தார், தண்ணீர் ஒழுகிப் போனது. கையை லுங்கியில் துடைத்துக்கொண்டு "வலைய எடுடா" என்றார். அவ்வளவுதான். அவரும் அதைப் பற்றிப் பேசவில்லை, நானும் கேட்கவில்லை.

அன்றைக்கு விழுந்ததெல்லாம் ஜிலேபி மீன். அது எந்தத் தண்ணீரிலும் பிழைத்துக்கொள்ளும். தங்கூஸ் (நைலான் நரம்பு) வலையின் கண் ஒவ்வொன்றிலும் வழவழவென்று பாசி. மீனைக் கழற்றியதைவிட வலையை அலசத்தான் நேரம் போனது. ஆனால் எனக்கு மறக்காதது அந்தக் கைதான்.

கெலவரப்பள்ளி பக்கம்

அண்ணா, உங்கள் டேமுக்கு வருகிற தண்ணீர் ஓசூர் பக்கம் இருக்கிற எங்கள் கெலவரப்பள்ளி டேமைத் தாண்டித்தான் வருகிறது. ஷட்டர் திறந்த அன்றைக்கு வந்து பார்த்திருந்தால் உங்கள் நைனா ஏன் கையை விரித்தார் என்று புரிந்திருக்கும்.

எங்கள் மாமா டேமுக்குக் கீழே ஆற்றில் வலை கட்டுகிறவர். மிதவைக்கு வெள்ளை வாட்டர் பாட்டில்தான் கட்டுவார். ஒரு நாள் காலையில் போனால் ஆறு முழுக்க இடுப்பு உயரத்துக்கு நுரை. காற்று அடித்தால் பிய்ந்து பிய்ந்து ராகிக் கொல்லையில் போய் விழுகிறது. வெள்ளை நுரைக்குள் வெள்ளை பாட்டிலை எங்கே தேடுவது? மாமா கண்ணை மூடிக்கொண்டு நுரைக்குள் கையைவிட்டுத் துழாவிக்கொண்டே போனார், கயிறு சிக்குகிறதா என்று. முப்பது வருஷமாகத் தொழில் செய்கிறவர், சொந்த ஆற்றில் குருடர் மாதிரி. நான் கரையில் நின்று "இடது பக்கம் மாமா, இடது பக்கம்" என்று கத்திக்கொண்டிருந்தேன். எனக்கும் ஒன்றும் தெரியவில்லை, சும்மாதான் கத்தினேன். சாயங்காலம் அவர் கை முட்டிவரைக்கும் தடித்துச் சிவந்திருந்தது.

எல்லாம் பெங்களூரு கழிவு. பெல்லந்தூர் ஏரி நிறைந்து வர்த்தூர் ஏரிக்குப் போகிறது, அங்கிருந்து வழிந்து தென்பெண்ணையில் சேருகிறது. சோப்புத்தூள் கலந்த தண்ணீர் ஷட்டர் உயரத்திலிருந்து விழுந்தால் பொங்காமல் என்ன செய்யும்? 2017 பிப்ரவரியில் பெல்லந்தூர் ஏரியே தீப்பிடித்து எரிந்தது, எல்லோரும் டிவியில் பார்த்தோம். அந்த ஏரியின் கீழ்த்தண்ணீரில்தான் எங்கள் மாமா நிற்கிறார். நம் பக்கத்தில் என்ன தப்பு இருக்கிறது, சொல்லுங்கள்.

அரூர் ஏரிக் குத்தகை

தம்பி, உங்கள் மாமா கதை மனசைப் பிசைந்துவிட்டது. ஆனால் நம் பக்கத்தில் தப்பில்லை என்று மட்டும் சொல்லாதீர்கள். எங்கள் ஏரிக்குப் பெங்களூரிலிருந்து ஒரு சொட்டும் வராது. எங்களைக் கெடுத்தது உள்ளூர்க்காரன்தான்.

நாலு பேர் சேர்ந்து ஏரியை ஏலம் எடுத்து கட்லா, ரோகு, மிர்கால் குஞ்சு விட்டிருந்தோம். பிடிப்புக்கு இருபது நாள் இருந்தது. மேலே ஒரு சேகோ ஆலை, மரவள்ளிக் கிழங்கில் ஜவ்வரிசி செய்கிற இடம். மழை ராத்திரியில் தொட்டித் தண்ணீரை ஓடையில் திறந்துவிட்டிருக்கிறார்கள். விடியற்காலை நாலரை மணிக்குக் காவலுக்கு இருந்த பையன் போன் போட்டு, "அண்ணா, ஏரியில ஏதோ சத்தம் கேக்குது" என்றான். கரையேறும்போதே திப்பி (கிழங்குச் சக்கை) புளித்த வாடை. டார்ச் அடித்தால் ஏரி முழுக்க வாய். ஆயிரக்கணக்கான மீன் தலையைத் தூக்கி வாயைத் திறந்து திறந்து மூடுகிறது. சப் சப் சப் என்று அந்தச் சத்தம். கைக்குழந்தை பால் குடிக்கிற மாதிரி. தண்ணீரில் மூச்சு இல்லாமல் மேலே வந்து காற்றைக் குடிக்கப் பார்க்கிறது. நாங்கள் நாலு பேரும் கரையில் நிற்கிறோம். என்ன செய்ய முடியும்? ஏழு மணிக்குச் சத்தம் நின்றுவிட்டது.

போன காசை விடுங்கள். இன்னும் ராத்திரியில் குழாய் சொட்டினால்கூட எழுந்து உட்கார்ந்துவிடுகிறேன்.

கிருஷ்ணகிரிக்காரர்கள் மாம்பழக்கூழ் சீசனில் வைகாசி, ஆனியில் ஓடைகளைப் போய்ப் பாருங்கள். தோலும் கொட்டையும் கழுவிய தண்ணீரும் எங்கே போகிறது என்று கேளுங்கள். பெங்களூரைத் திட்டுவது சுலபம்.

காவேரிப்பட்டணம்

மாசி மயானக்கொள்ளைக்கு எங்கள் ஆயா ஆற்றில் இறங்கிக் குடத்தில் தண்ணீர் மொண்டு வந்துதான் அங்காளம்மனுக்கு வைக்கும். மீன்பிடிக்கிற சனம் நாங்கள், அம்மன் எங்கள் குலசாமி. போன வருஷம் ஆயா படியில் நின்று ஆற்றைப் பார்த்துவிட்டு என்னிடம் "கேன் தண்ணி வாங்கியாடா" என்றது. வாங்கி வந்து குடத்தில் ஊற்றினேன். ஆயா குடத்தைத் தலையில் வைக்காமல் இடுப்பில் வைத்துக்கொண்டு போனது.

சாம்பிள் பாட்டில்

என் கதை சின்னது: பாரூர் பக்கம் சொந்தக்காரர் குட்டையில் மீன் செத்தது, மூன்றாம் நாள்தான் என்னைக் கூப்பிட்டார்கள். தண்ணீர் மாறிவிட்டது, ஒன்றையும் நிரூபிக்க முடியவில்லை. அதனால் அரூர் அண்ணனுக்கும் மற்றவர்களுக்கும் சொல்கிறேன்.

மீன் விடியலில் சாவதற்குக் காரணம் இருக்கிறது. சாக்கடையும் ஆலைக் கழிவும் கலந்தால் அதைத் தின்னும் கிருமிகள் ஆக்சிஜனை இழுத்துக்கொள்ளும். பச்சைப் பாசி பகலில் ஆக்சிஜன் விடும், ராத்திரியில் அதுவும் இழுக்கும். ஆகவே சூரியன் வருவதற்கு முன்னால்தான் அளவு அடிமட்டத்துக்குப் போகும். பத்து மணிக்கு அதிகாரி வந்து அளந்தால் "நன்றாகத்தானே இருக்கிறது" என்பார். நீங்கள் விடியலிலேயே எடுக்க வேண்டும். மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் மீன்வளத் தண்ணீருக்குச் சொல்லும் அளவு: லிட்டருக்கு ஆக்சிஜன் 4 மில்லிகிராமாவது, கட்டற்ற அம்மோனியா (free ammonia) 1.2க்கு மேல் கூடாது, பிஎச் 6.5 முதல் 8.5 வரை. ஆக்சிஜன் பார்க்க சாதா பாட்டில் உதவாது. மூடி போட்ட கண்ணாடி பாட்டிலில் குமிழி இல்லாமல் பிடித்து, அந்த இடத்திலேயே ஆக்சிஜன் அளவு மாறாமல் நிறுத்துகிற மருந்து விட வேண்டும், காலேஜ் கெமிஸ்ட்ரி வாத்தியார் யாராவது செய்து கொடுப்பார்கள். மற்ற சோதனைக்கு இரண்டு லிட்டர், ஐஸ் பெட்டியில், அன்றைக்கே. கழிவு கலக்கும் இடத்துக்கு மேலே ஒன்று, கீழே ஒன்று எடுங்கள். ஒன்று மட்டும் எடுத்தால் எங்கிருந்து வந்தது என்று சொல்ல முடியாது. நேரம் தெரிகிற மாதிரி போட்டோ. திங்கட்கிழமை குறைதீர் நாளில் கலெக்டரிடம் மனு, ரசீது வாங்காமல் வராதீர்கள். பசுமைத் தீர்ப்பாயத்துக்கு, 2010 சட்டப்படி, பொதுவாக ஆறு மாதத்துக்குள் போக வேண்டும். நஷ்ட ஈடு மட்டும் கேட்டால் ஐந்து வருஷம்வரை நேரம் உண்டு. அரூர் அண்ணா, உங்களுக்கு எத்தனை நாள் ஆயிற்று?

அரூர் ஏரிக் குத்தகை

மூன்று வருஷம். பாட்டில் எடுக்கிற நிலையில் அன்றைக்கு யாரும் இல்லை, தம்பி. குழி தோண்டவே ரெண்டு நாள் ஆனது.

ஒகேனக்கல் மீன்கடை

அணைக்கரைத் தம்பி, உன் நைனாவைப் படித்து அழுதுவிட்டேன். ஆனால் ஒன்று சொல்ல வேண்டும். நீங்கள் எழுதுகிறதும் வீடியோ போடுகிறதும் எங்கே வந்து விழுகிறது தெரியுமா? போன ஆடிப்பெருக்குக்கு நல்ல கூட்டம். ஒரு குடும்பம் வந்தது, சின்னப் பொண்ணு தட்டைக் கையில் வாங்கிவிட்டது. அவங்க அப்பா போனில் நுரை வீடியோவைக் காட்டி "இந்தத் தண்ணி மீனா?" என்றார். அது தென்பெண்ணை, இது காவிரி, மீன் நாகமரைப் பக்கம் பிடித்தது, செவுளைத் தூக்கிச் சிவப்பைப் பாருங்க சார் என்று காட்டினேன். அவர் குழந்தை கையிலிருந்து தட்டை எடுத்து மேசையில் வைத்துவிட்டுப் போய்விட்டார். குழந்தை திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே போனது. அந்தத் தட்டை நான் வேறு யாருக்கும் கொடுக்கவில்லை.

எழுதாதீர்கள் என்று சொல்லவில்லை. எந்த ஆறு, எந்த டேம், எந்த மாதம் என்று பேர் போட்டு எழுதுங்கள்.

அணைக்கரையான்

அக்கா சொல்வது சரி. முதல் பதிவில் தேதி போடவில்லை, என் தப்பு.

சாம்பிள் பாட்டில் அண்ணன் எழுதியதை நைனாவிடம் படித்துக் காட்டினேன். ஒன்றும் சொல்லவில்லை. இந்த ஞாயிற்றுக்கிழமை விடியற்காலை என்னை எழுப்பி, "பாட்டில் எடுத்துக்க" என்றார். நான் கரையோரம் அள்ளப் போனேன், "இங்க இல்லடா" என்றார். பரிசலை ஆற்றுவாய்ப் பக்கம் கொண்டுபோய், முகர்ந்து முகர்ந்து நாலு இடம் தாண்டி நிறுத்தினார். பார்ப்பதற்கு எல்லா இடமும் எனக்கு ஒரே பச்சைதான். "இங்க அள்ளு. இதுக்கு அந்தாண்ட கொஞ்சம் தேவல, அங்கயும் ஒண்ணு அள்ளு" என்றார்.

ரெண்டு பாட்டிலும் இப்போது ஓசூரில் என் ரூம் பிரிட்ஜில் இருக்கிறது. தண்ணீர் சோதனை செய்கிற லேப் எது, எவ்வளவு ஆகும், தெரிந்தவர்கள் இன்றைக்கே சொல்லுங்கள்.