12 வயசுப் பசங்க கபடி: எல்லாருக்கும் மெடலா, ஜெயிச்சவங்களுக்கு மட்டுமா?

கெடிலக்கரை:
காணும் பொங்கலுக்கு கடலூர் மஞ்சக்குப்பத்துல 12 வயசுக்குட்பட்ட பசங்களுக்கு ஒருநாள் நாக்அவுட் கபடி. 16 அணி, அணிக்கு 12 பேர், ஆக 192 பசங்க. கையில 30,000 ரூபாய். சாப்பாட்டுப் பொட்டலம் 220, தலா 50 வீதம் 11,000. நடுவர், ஸ்கோரர் 8 பேருக்கு தலா 800, அது 6,400. தண்ணி கேன் 20, அதுக்கு 700. மீதி 11,900. கமிட்டில பாதிப் பேர் 192 பேருக்கும் மெடல் போடணும்ங்கறாங்க. 40 ரூபாய் வீதம் 7,680 ஆகும், மிச்சம் 4,220-ல கோப்பை. இன்னொரு பாதி, தோத்தவனுக்கு எதுக்கு மெடல்ங்கறாங்க. ரெண்டு பக்கமும் காரணத்தோட பேசுங்க. ‘இந்தக் காலத்துப் பசங்க...’ன்னு ஆரம்பிக்கற பதிவு மட்டும் வேணாம்.

பாக்_லைன்:
மெடல் வேணாம். காசு மிச்சம் பிடிக்கறதுக்காகச் சொல்லல. 16 அணி நாக்அவுட்னா மொத்தம் 15 ஆட்டம். முதல் சுற்றிலேயே 8 அணி, அதாவது 96 பசங்க, ஒரே ஒரு ஆட்டத்தோட வெளியே. அதுலயும் களத்துல நிக்கறது 7 பேர், மீதி 5 பேர் கோட்டுக்கு வெளிய உட்கார்ந்திருப்பான். அப்போ 8 அணியில 40 பசங்க மண்ணை மிதிக்காமலே வேன் ஏறலாம். அவன் கழுத்துல ‘பங்கேற்பாளர்’னு மெடல் மாட்டி விட்டா எதுல பங்கேற்றான்? இதைக் கேக்க அப்பா அம்மா வேண்டாம், 10 வயசுப் பையனே கேப்பான்.

2015-ல அமெரிக்க ஃபுட்பால் வீரர் ஜேம்ஸ் ஹாரிசன், 6 வயசும் 8 வயசுமான தன் ரெண்டு பசங்களுக்கு வந்த பங்கேற்புக் கோப்பையைத் திருப்பிக் கொடுக்கப் போறேன்னு அறிவிச்சார். உலகமே ரெண்டாப் பிரிஞ்சு சண்டை போட்டுச்சு. என் கணக்கு அவரோடதும் இல்ல. அவர் கோப்பையைப் பத்திப் பேசினார், நான் ஆட்டத்தைப் பத்திப் பேசறேன்.

உப்பளத்தான்:
பாக்_லைன் அண்ணே, பாதி சரி. ஆனால் ‘தோத்தவன்’ என்ற சொல்லை 12 வயதில் அவ்வளவு உறுதியாகப் போட முடியாது. ஒரே வயதுப் பிரிவில் ஜனவரியில் பிறந்தவனுக்கும் டிசம்பரில் பிறந்தவனுக்கும் ஏறக்குறைய ஒரு வருட இடைவெளி. 11 வயதில் அது உயரத்திலும் எடையிலும் பளிச்சென்று தெரியும். கபடியில் கார்னரில் நிற்கிற பையனின் எடை 28 கிலோ, பாடி வருகிறவன் 40 கிலோ என்றால், தொடையைப் பிடித்தாலும் இழுத்துக்கொண்டு நடுக்கோட்டுக்குப் போய்விடுவான். கனடா ஐஸ் ஹாக்கியில் வருட முதல் மாதங்களில் பிறந்தவர்களே அதிகம் தேறுவதை 1985-ல் ரோஜர் பார்ன்ஸ்லி குழு எழுதிக் காட்டியது. முளைக்கும் முன்னே களை என்று பிடுங்குகிற வயது இது.

நார்வேயில் குழந்தைகள் விளையாட்டுக்கென்று தனி விதியே உண்டு. 1987-ல் வந்தது, 2007-ல் திருத்தினார்கள். 11 வயது ஆகும் வருடம் வரை முடிவுப் பட்டியல், புள்ளி அட்டவணை, தரவரிசை எதுவும் கூடாது. பரிசு கொடுத்தால் எல்லாக் குழந்தைக்கும் கொடுக்க வேண்டும். அந்த நாடு 2022 பெய்ஜிங் குளிர்கால ஒலிம்பிக்கில் 16 தங்கத்தோடு முதலிடம். எல்லாருக்கும் பரிசு கொடுத்தால் பிள்ளைகள் சோம்பேறி ஆகிவிடுவார்கள் என்பவர்கள் இதற்கு என்ன சொல்வார்கள்?

பாக்_லைன்:
பனியும் பணமும் இருக்குன்னு சொல்லுவாங்க தம்பி. அந்தத் தங்கம் மெடல் விதியால வந்துச்சுன்னு யாரும் நிரூபிக்கல. இன்னொண்ணு, நீங்க சொன்ன விதியையே சரியாப் படிங்க. பரிசு கொடுத்தே ஆகணும்னு அது சொல்லல, கொடுத்தா எல்லாருக்கும்ங்குது. அதுவும் 11 வயசு வரைக்கும்தான் பட்டியல் வேணாம். நம்ம பசங்கள்ல பாதிப் பேர் அந்த வயசுக்கு வந்தாச்சு.

உப்பளத்தான்:
அது சரி, ஒத்துக்கொள்கிறேன். வேண்டுமானால் ஒலிம்பிக்கையே எடுத்துக்கொள்ளுங்கள். 1896-லிருந்து பங்கேற்றவர்களுக்கு நினைவுப் பதக்கம் உண்டு. முதல் எட்டு இடத்துக்கு டிப்ளமோவும் தருகிறார்கள்.

பாக்_லைன்:
அங்க போய் நிக்கறதுக்கே தகுதிச் சுற்று தாண்டணும். இங்க ஆதார் நகலும் பள்ளி போனஃபைடும் கொடுத்தா போதும்.

எவர்சில்வர்_டம்ளர்:
இதுக்கு நம்ம ஊர்ல ரொம்ப நாளா ஒரு பேர் இருக்கே, ஆறுதல் பரிசு! லெமன் ஸ்பூன்ல எலுமிச்சையைக் கீழ போட்டவனுக்கும் சோப்பு டப்பா. பொங்கல் கோலப் போட்டில எங்க வீட்டு அலமாரி நிறைய அதுதான். ஆனா கவனிங்க, ஆறுதல் பரிசு நாலாவது அஞ்சாவது இடத்துக்குத்தான். எல்லாருக்கும் கொடுத்தா அதுக்குப் பேரு பிரசாதம். டம்ளராவது காப்பி குடிக்க ஆகும். மெடல் என்ன ஆகும்? ஆறு மாசத்துல சன்னல் கம்பில தொங்கும்.

ஷீல்டுக்காரர்:
கம்பியில தொங்கினா கறுத்துப் போகும், அதையும் சேர்த்துக்குங்க. கடலூர், பாண்டி ரெண்டும் உப்புக் காத்து. வாங்கும்போது ஒரு சின்னக் காந்தத்தை மெடல்ல வெச்சுப் பாருங்க. ஒட்டினா இரும்புத் தகடு, மேல மஞ்சள் முலாம், ஓரத்துல இருந்து துரு ஆரம்பிக்கும். ஒட்டலன்னா துத்தநாகக் கலவையில வார்த்தது. கொஞ்சம் கனமா இருக்கும், விலையும் கூட, ஆனா சீக்கிரம் துரு ஏறாது. அடுத்தது வளையம். ரிப்பனையும் மெடலையும் சேர்க்கற வளையத்துல வாய் பிளந்திருந்தா, பசங்க ஒரு இழுப்பு இழுத்தா மெடல் தனியா ரிப்பன் தனியா. நடு ஸ்டிக்கர் 25 மில்லிமீட்டர் வட்டம், அதுல நாலு வரிக்கு மேல எழுதாதீங்க, கண்ணுக்கே தெரியாது. வருஷம் போட வேணாம், மிஞ்சினது அடுத்த பொங்கலுக்கு ஆகும். பிளாஸ்டிக் தூண் வெச்ச கோப்பையா இருந்தா அடிநட்டை ஸ்பேனர் போட்டு முறுக்காதீங்க. தூண் மேடையிலேயே விரிசல் விடும், சிறப்பு விருந்தினர் தூக்கும்போது மேல் பாதி மட்டும் வரும்.

கெடிலக்கரை:
அண்ணே, மெடல் போடலாமா வேணாமான்னே இன்னும் முடிவாகல :)

பாக்_லைன்:
மேடைன்னதும் இன்னொரு கணக்கு. 192 பேரைப் பேர் சொல்லிக் கூப்பிட்டு, மெடல் மாட்டி, போட்டோ எடுத்தா ஆளுக்கு 15 வினாடி. 48 நிமிஷம். அதுக்கு மேல பொன்னாடை இருக்கு. முதல் சுற்றில காலைல 8 மணிக்குத் தோத்த பையன் சாயங்காலம் 5 மணி வரைக்கும் மெடலுக்காகக் காத்திருப்பான்னு நினைக்கறீங்களா? அவன் அணியோட மெடல் பை பயிற்சியாளர் வண்டிப் பெட்டியில போகும்.

உளவியல் ஆதாரமும் இருக்கு. 1973-ல லெப்பர், கிரீன், நிஸ்பெட்னு மூணு பேர், ஸ்டான்ஃபோர்டு மழலையர் பள்ளியில பார்த்தது. ஸ்கெட்ச் பேனாவால வரையறதுல ஆசையா இருந்த 3 முதல் 5 வயசுக் குழந்தைங்க. ஒரு குழுவுக்கு, வரைஞ்சா தங்க முத்திரையும் சிவப்பு ரிப்பனும் வெச்ச சான்றிதழ் தருவோம்னு முன்னாடியே சொன்னாங்க. கொடுத்தாங்க. ஒண்ணு ரெண்டு வாரம் கழிச்சு வகுப்புல அதே பேனாவை வெச்சா, மத்தக் குழுக்கள் வரைஞ்ச நேரத்துல ஏறக்குறையப் பாதிதான் இந்தக் குழு வரைஞ்சுது. பிடிச்சு செஞ்சது கூலிக்குச் செஞ்சதா மாறிடுச்சு.

உப்பளத்தான்:
அந்த ஆய்வில் மூன்றாவது குழுவை விட்டுவிட்டீர்களே அண்ணே. எதுவும் சொல்லாமல் வரையவிட்டு, முடித்த பிறகு எதிர்பாராமல் அதே சான்றிதழைக் கொடுத்த குழு. அவர்கள் ஆர்வம் குறையவே இல்லை. அப்போது கெடுத்தது பரிசு இல்லை, முன்கூட்டியே கொடுத்த வாக்கு. மெடல் கொடுங்கள், ஆனால் நோட்டீசில் ‘கலந்துகொள்ளும் அனைவருக்கும் பதக்கம்’ என்று கொட்டை எழுத்தில் போடாதீர்கள். மேடையும் வேண்டாம். அந்தந்த அணி கடைசி ஆட்டம் முடித்து வெளியேறும்போது, களத்து ஓரத்திலேயே நடுவர் கையால் கொடுத்தால் இரண்டு நிமிடம்.

பாக்_லைன்:
முதல் வருஷம் எதிர்பாராதது. ரெண்டாவது வருஷம்?

உப்பளத்தான்:
இந்தக் கேள்விக்கு என்னிடம் பதில் இல்லை.

பாக்_லைன்:
அதான் சொல்றேன், மெடல் காசுல ரெண்டாவது கோர்ட் போடுங்க. 12 வயசுக்கு 11-க்கு 8 மீட்டர் போதும். நடுக்கோட்டுல இருந்து 3 மீட்டர்ல பாக் லைன் (பாடி வர்றவன் தாண்டியே ஆக வேண்டிய கோடு), அதுக்கு அப்பால 1 மீட்டர்ல போனஸ் கோடு. ஒரு அடி ஆழம் கொத்தி, கல்லும் ஓட்டுச் சில்லும் பொறுக்கி, மணல் கலந்து, முந்தின ராத்திரி தண்ணி தெளிச்சு விடணும். காலைல தூசி பறக்காது, முட்டியும் தேயாது. மண் ஒரு லோடு, ரெண்டு ஆள் கூலி, கோடு போட மாவு எல்லாம் சேர்த்து 5,000-க்குள்ள முடிக்கப் பாருங்க. கோடு 3-ல இருந்து 5 சென்டிமீட்டர் அகலம். சுண்ணாம்பு மட்டும் வேணவே வேணாம். பசங்க குப்புற விழறப்ப வேர்வையோட கண்ணுக்குள்ள போனா எரிச்சல் தாங்காது. கோலமாவு போதும். அழிஞ்சா இடைவேளைல திரும்ப இழுத்துக்கலாம்.

ரெண்டு கோர்ட் இருந்தா, முதல் சுற்றில தோத்த 8 அணிக்குத் தனி நாக்அவுட் நடத்தலாம். 4, 2, 1, ஆக 7 ஆட்டம். பிரதானம் 15, இது 7, மொத்தம் 22. எல்லா அணிக்கும் குறைஞ்சது ரெண்டு ஆட்டம் உறுதி. இது ஒண்ணும் புது வித்தை இல்ல. ரஞ்சி டிராபி கிரிக்கெட்ல கீழ்நிலை அணிகளுக்கு பிளேட் பிரிவுன்னு கேள்விப்பட்டிருப்பீங்க. 2018-19-ல ரஞ்சிக்குள்ள வந்த புதுச்சேரி அணியே அங்கதான் ஆரம்பிச்சது.

உப்பளத்தான்:
பெத்தாங்க் என்கிற பிரெஞ்சு இரும்புக் குண்டு விளையாட்டு ஆடுகிறவர்களுக்கும் இது புரியும். பிரெஞ்சுக்காரர்கள் முதலில் தோற்றவர்களுக்கென்று ‘கோன்சொலாந்த்’ என்று தனிப் போட்டி வைப்பார்கள். அதுவும் ஆறுதல்தான், ஆனால் கையில் குண்டைக் கொடுத்து இன்னொரு முறை ஆடவிடுகிற ஆறுதல். சரி, நேரம் எப்படிப் போதும்? 15-15 நிமிடம், நடுவில் 5, அணி மாற 10. ஆட்டத்துக்கு 45 நிமிடம். 22 ஆட்டத்துக்கு பதினாறரை மணி நேரம். இரண்டு கோர்ட்டில் ஓட்டினாலும் எட்டே கால்.

பாக்_லைன்:
இந்த வயசுக்கு 10-10 போதும், இடைவேளை 3, மாறுறதுக்கு 7. அரை மணிக்கு ஒரு ஆட்டம். கோர்ட்டுக்கு 11 ஆட்டம்னா அஞ்சரை மணி நேரம். காலை 7-க்கு ஆரம்பிச்சா பன்னிரண்டரை. ரெண்டு இறுதி ஆட்டத்தையும் எடுத்து சாயங்காலம் 4 மணிக்கு வெச்சுக்கங்க, வெயிலும் தணியும், கூட்டமும் வரும். இப்ப 8 நடுவர்களை ஒரே கோர்ட்டுக்கு ரெண்டு ஷிப்ட்டா வெச்சிருக்கீங்க. அதையே 4, 4-ஆப் பிரிச்சா கூடுதல் காசு இல்ல. மாத்து ஆள் இருக்காது, அது உண்மைதான். 10 மணிக்கு அரை மணி எல்லாரும் நிறுத்தி மோர் குடிங்க.

எது கெட்டுப் போகும்னும் சொல்லிடறேன். ஒண்ணு, தோத்த அணி சொல்லாமக் கிளம்பிடும், பிளேட்ல, அதாவது தோத்தவங்க நாக்அவுட்ல, பாதி ஆட்டம் எதிரணி வராமலே வாக்ஓவர் ஆகும். அதுக்கு நுழைவுப் பணம் 300 வாங்கி, ரெண்டாவது ஆட்டம் ஆடினா 200 திருப்பிக் கொடுங்க. பொட்டலத்தைப் பிடிச்சு வெச்சு உட்கார வைக்கற வேலை வேணாம், பசிக்கற பசங்க. இன்னொண்ணு, சுலபமாக் கோப்பை கிடைக்குதேன்னு வேணும்னே தோக்கற பயிற்சியாளர் இருப்பார். பிளேட் கோப்பையை மூணாம் பரிசை விடச் சின்னதா வெச்சா அந்த ஆசை வராது.

வெளிய உட்கார்ற 5 பேருக்கு ஒரே வழி: இடைவேளை முடிஞ்சதும் அஞ்சு பேரும் இறங்கியே ஆகணும்னு உள்ளூர் விதி போடுங்க. இறக்கலன்னா எதிரணி கணக்குல 2 புள்ளி. ஒரு லோனாவுக்கு (எதிரணி மொத்தத்தையும் அவுட்டாக்கினா கிடைக்கற கூடுதல் புள்ளி) சமம், பயப்படுவாங்க.

எவர்சில்வர்_டம்ளர்:
லோனான்னதும் ஞாபகம் வருது. ஏழு பேரும் அவுட்டாகி, திரும்ப எழுந்து, திரும்ப ஏழு பேரும் அவுட். 45-4 எல்லாம் பார்க்கப் பாவமா இருக்கும். 30 புள்ளி வித்தியாசம் வந்தா நிறுத்திடுங்கப்பா. அப்புறம் ஒரு யோசனை. ஸ்கோர்ஷீட்டை ரெண்டு ரூபாய்க்கு ஜெராக்ஸ் எடுத்து ஒவ்வொரு அணிக்கும் கொடுங்க. யார் பாடினான், யார் பிடிச்சான், எத்தனை புள்ளின்னு பேரோட இருக்கும்.

உப்பளத்தான்:
பூஜ்யம் போட்ட பையனுக்கும் பேரோட இருக்குமே?

எவர்சில்வர்_டம்ளர்:
இருக்கும். ஆனா அவன் இறங்கினான்னு அந்தத் தாள்ல இருக்கு. மெடல்ல இல்ல.

கெடிலக்கரை:
கமிட்டில இப்படிச் சொல்லப் போறேன்: 11,900-ல ரெண்டாவது கோர்ட் 5,000. முதல் மூணு அணிக்கும் பிளேட் ஜெயிச்ச அணிக்கும் மட்டும் மெடல், 48 பேர், 1,920. மிச்சம் 4,980-ல நாலு கோப்பை. அதுல பிளேட் கோப்பை சின்னது. ஜெராக்ஸ் செலவு என் கைக்காசு.

உப்பளத்தான்:
144 பிள்ளைகள் வெறுங்கழுத்தோடு போவார்கள். இரண்டாவது ஆட்டம் கிடைப்பதால் இந்த வருடம் நான் சும்மா இருக்கிறேன். 9 வயதுப் பிரிவு என்று ஒன்று சேர்த்தால் திரும்ப வருவேன்.

பாக்_லைன்:
9 வயசுக்கு நானே மெடல் வாங்கித் தரேன். அங்க ஸ்கோர்போர்டே வேணாம்.

ஷீல்டுக்காரர்:
48 மெடல், 4 கோப்பைன்னா ஒரு வாரம் முன்னாடி சொல்லிடுங்க, பொங்கல் நேரம் கூட்டம் இருக்கும். ஸ்டிக்கர்ல ‘மஞ்சக்குப்பம்’னு போடணுமா, ‘மஞ்சகுப்பம்’னா? எழுதிக் கொடுங்க. வாயால சொன்னா அச்சடிக்கற தம்பி அவன் இஷ்டத்துக்குப் போடுவான், அப்புறம் 48-ஐயும் பிரிச்சு ஒட்டணும்.

கெடிலக்கரை:
‘க்’ உண்டு அண்ணே. மஞ்சக்குப்பம்.