ஸ்பெயின்ல வலென்சியா நகரத்து ஃபாயாஸ் திருவிழாவுக்குப் போனவங்க அனுபவத்தைச் சொல்லுங்க

நான் போனது வெடிக்காகத்தான். மார்ச் 1 முதல் 19 வரை தினமும் மதியம் 2 மணிக்கு நகராட்சி சதுக்கத்துல ‘மாஸ்க்லெத்தா’ வெடிப்பாங்க. வாணவேடிக்கை மாதிரி கண்ணுக்கு இல்ல, காதுக்கு. தாளம் ஏறி ஏறி, கடைசியில நெஞ்சுக்குள்ளேயே அதிரும். பக்கத்துல நின்ன பாட்டி ஒருத்தங்க, வாயைத் திறந்து வச்சுக்கோன்னு சைகை காட்டினாங்க. காது தாங்கணுமே!

ஆனா மனசுல நின்னது 17ஆம் தேதி ராத்திரி. மாதா கோயில் சதுக்கத்துல கிட்டத்தட்ட 15 மீட்டர் உயர மாதா. முகமும் குழந்தையும்தான் சிலை. அங்கி இருக்கவேண்டிய இடத்துல வெறும் மரச்சட்டம். பேட்டை பேட்டையா பெண்கள் பட்டுப்பாவாடை கட்டி, கொண்டையில பொன்னிறச் சீப்பு செருகி, பேண்டு வாத்தியத்தோட வர்றாங்க. கையில கார்னேஷன் கொத்து. சட்டத்துல ஏறி நிக்கிறவங்க, கீழேயிருந்து வீசுற கொத்தைப் பிடிச்சு நிறம் பார்த்துச் செருகுறாங்க. ரெண்டு நாள்ல அங்கி முழுக்கப் பூவாயிடும்.

என் எதிர்ல பத்து வயசுப் பொண்ணு ஒருத்தி. கால் வலியில நொண்டிக்கிட்டே வந்தவ, மாதாவை நிமிர்ந்து பார்த்ததும் உதடு துடிச்சு அழுதுட்டா. அவ அம்மாவும் அழுதாங்க. ஏன்னு அப்புறம் ஒரு பெரியவர்கிட்ட கேட்டேன். “போன வருஷம் கூட நடந்து வந்தவங்க இந்த வருஷம் இல்லைன்னா, இங்கே வந்துதான் அழுவோம்” என்றார். மாதாவின் தலை கொஞ்சம் முன்னால சாய்ஞ்சிருக்கிறதால ‘ஜெபெருதேத்தா’, அதாவது சின்னக் கூனின்னு செல்லமா கூப்பிடுறாங்க. வீட்டுப் பாட்டியைக் கூப்பிடுற உரிமை அது.

*

நான் அங்கே மூணு வருஷம் குடியிருந்தேன். மேலே சொன்னவர் 19 ராத்திரி வரைக்கும் இருந்திருக்கணும். அன்னிக்குப் புனித சூசையப்பர் திருநாள். அவர் தச்சர்களுக்குக் காவலர். தச்சர்கள் பழைய மரத்தைக் கொளுத்தினதுல தொடங்கின வழக்கம்னு சொல்வாங்க. வருஷம் முழுக்க உழைச்சுச் செஞ்ச கேலி பொம்மைகளைத் தெருத்தெருவா எரிப்பாங்க. மக்கள் ஓட்டுல ஜெயிக்கிற பொம்மைக்கு மட்டும் 1934லிருந்து மன்னிப்பு உண்டு. அது அருங்காட்சியகத்துக்குப் போயிடும்.

எங்க தெரு ஒடுக்கம். தீயணைப்பு வீரர்கள் என் பால்கனிச் சுவர்ல தண்ணி அடிச்சு நனைச்சாங்க. ஜன்னல் கண்ணாடியில கைவைக்க முடியல, அவ்வளவு சூடு. அந்த வருஷத் திருவிழாவுக்கு எங்க பேட்டை ராணியா இருந்த பொண்ணு, பட்டுடையில கரி படுறதைக்கூடப் பார்க்காம தீயையே பார்த்து நின்னா. காலையில எழுந்து பார்த்தா தெரு கழுவியாச்சு. தார்ல வட்டமா ஒரு கருப்பு மட்டும்.