டிரான்ஸ்பரை ஏற்காததற்கு டிஸ்மிஸ்: கோர்ட்டில் எது நிற்கும், எது விழும்

(பேசுபவர்கள் மூவர்: அலுவலகத்தின் ஏ3 பிரிவில் கோப்புப் பார்ப்பவர்; அரசு ஆணையை எதிர்த்து உயர்நீதிமன்றத்தில் போடும் ரிட் மனுக்களைப் பார்ப்பவர்; மத்திய அரசு ஊழியர்.)

ஏ3 பிரிவு:
மாற்றிய இடத்தில் போய்ச் சேராத அரசு ஊழியரின் டிஸ்மிஸ் ஆணையை எடுத்துப் பாருங்கள். "இடமாறுதலை மறுத்தார்" என்பதோடு அது நிற்காது. அனுமதியின்றிப் பணிக்கு வரவில்லை, மேலலுவலர் ஆணையை மீறினார் என்றுதான் குற்றச்சாட்டு ஓடும். ஆகவே இடமாறுதல் அநியாயம் என்று பத்துப் பக்கம் எழுதுவதால் பயனில்லை. அந்தக் கட்டம் தாண்டிப்போய்விட்டது.

எல்லா அரசு வக்கீலும் முதலில் எடுத்து வைப்பது 1989-ஆம் ஆண்டின் குஜராத் மின்வாரியத் தீர்ப்பு. 1974-இல் சூரத்திலிருந்து உகாய்க்கு மாற்றப்பட்டவர், ரத்து கேட்டு மனுப் போட்டுவிட்டுப் போய்ச் சேராமல் இருந்தார். இரண்டே மாதத்தில் வேலை போயிற்று. மனு நிலுவையில் இருப்பது போகாமலிருக்க அனுமதி ஆகாது. தடையாணையோ ரத்தோ கையில் இல்லையென்றால் சேர்ந்தே ஆகவேண்டும் என்றது உச்ச நீதிமன்றம். அவருக்கு அனுப்பிய பதிவுத் தபால் "வாங்க மறுத்தார்" என்ற குறிப்போடு திரும்பியிருந்தது. அதையே சார்வு செய்யப்பட்டதாக, அதாவது முறைப்படி அவரிடம் சேர்ப்பிக்கப்பட்டதாக, எடுத்துக்கொண்டார்கள். மெமோவை வாங்காமல் தபால்காரரைத் திருப்பி அனுப்பும் 'சாமர்த்தியம்' இன்றும் நடக்கிறது. அது தன் தலையில் தானே மண் அள்ளிப் போட்டுக்கொள்வது.

ரிட் பக்கம்:
தடை வாங்குவதென்றால் விடுவிப்பு ஆணை வருவதற்குள் வாங்கவேண்டும். விடுவித்த பிறகு கடைசிச் சம்பளச் சான்று புது அலுவலகத்துக்குப் போய்விடும். பழைய இடத்தில் தினமும் வந்து உட்கார்ந்தாலும் அது பணியாகாது. சேரும்போதே பணியேற்பு அறிக்கையில் "மாறுதலை எதிர்க்கும் உரிமைக்கு ஊறின்றிச் சேருகிறேன்" என்று ஒரு வரி எழுதிவிட்டு வழக்கை நடத்தலாம்.

உள்நோக்கம் என்று சொன்னால் மாற்றிய அதிகாரியைப் பெயர் சொல்லி எதிர்மனுதாரராகச் சேர்க்கவேண்டும். பதவிப் பெயரை மட்டும் போட்டால் அந்த வாதம் அங்கேயே படுத்துவிடும். 2009-இல் சோமேஷ் திவாரி வழக்கில் மாறுதலே ரத்தானது உண்மை. மொட்டைக் கடிதத்தை வைத்து, தண்டனையாக மாற்றியது ஆவணத்திலேயே தெரிந்தது. வெறும் மாறுதல் வழிகாட்டு நெறிகளை மீறினார்கள் என்பது போதாது; 1993-இன் அப்பாஸ் தீர்ப்பு அதற்குக் கதவை மூடிவிட்டது.

டிஸ்மிஸை உடைக்கும் நல்ல ஆயுதம் 2012-இன் பர்மார் தீர்ப்பு. வராமலிருந்தது வேண்டுமென்றே என்று விசாரணையில் நிரூபிக்காவிட்டால் அது ஒழுங்கீனம் ஆகாது. ஆனால் உடல்நலம் காரணம் என்றால் விடுப்பு விண்ணப்பமும் மருத்துவச் சான்றும் அந்தந்தத் தேதியில் புது அலுவலகத்துக்குப் போயிருக்கவேண்டும். மெடிக்கல் போர்டுக்கு அழைத்தும் போகாதவருக்கு இந்தத் தீர்ப்பு பெரும்பாலும் உதவாது.

மத்திய அரசு ஊழியர்:
எங்களுக்குச் சேரும் கால அவகாசம் 1979 விதிப்படி: 1,000 கி.மீ. வரை 10 நாள், அதற்கு மேல் 12, 2,000-ஐத் தாண்டினால் 15 (விமானத்தில் போனால் 12). வீடு மாறத் தேவையில்லை என்றால் ஒரே நாள். மாறுதலை ரத்து செய்யக் கேட்கும் மனுவை இந்த அவகாசத்துக்குள் கொடுத்து, பெற்றுக்கொண்ட முத்திரையுடன் நகல் வைத்துக்கொள்ளுங்கள்.

தண்டனை ஆணை கைக்கு வந்த 45 நாளில் மேல்முறையீடு. ஆறு மாதம் பதில் இல்லையென்றால் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்கு நேரே போகலாம். அதன்பின் ஓராண்டுதான் காலவரம்பு. மனுக் கட்டணம் 50 ரூபாய்.

ஏ3 பிரிவு:
தமிழ்நாட்டு ஊழியர்களுக்கு அந்தத் தீர்ப்பாயம் கிடையாது. மேல்முறையீடு முடிந்ததும் உயர்நீதிமன்றம், அல்லது மதுரைக் கிளை. 17(பி), அதாவது பெருந்தண்டனைக்கான மாநில விதியின்படி நடந்த விசாரணைக் கோப்பில் முதலில் தேட வேண்டியவை இவை: விசாரணை அறிக்கையின் நகல் தண்டனைக்கு முன் கொடுக்கப்பட்டதா? ஒருதலைப்பட்சமாக நடந்திருந்தால் ஒவ்வொரு அமர்வுக்கும் நோட்டீஸ் சார்வு ஆனதற்கு ஒப்புகை அட்டை இருக்கிறதா? ஆணையிட்டவர் நியமன அதிகாரிக்குக் கீழ்ப்பட்டவரா? கடைசிக் கேள்விக்கு "ஆம்" என்றால் அரசியலமைப்பின் 311(1) ஒன்றே போதும்.

அறிக்கை நகல் தராததை மட்டும் சொன்னால் போதாது. 1993-இன் கருணாகர் தீர்ப்புப்படி, அதனால் என்ன பாதிப்பு என்றும் காட்டவேண்டும். காட்டி ஜெயித்தாலும் ஒரேயடியாக வேலை திரும்பிவிடாது. சஸ்பென்ஷனில் வைத்து, அறிக்கை நகல் தரும் கட்டத்திலிருந்து விசாரணையை மறுபடி நடத்தத் துறைக்கு வழியுண்டு. வேலையில்லாதிருந்த காலத்துக்கான பின்சம்பளமும் முழுசாக வரும் என்று கணக்குப் போடாதீர்கள். பர்மாருக்கே பாதிதான் கிடைத்தது.