பெக்காஸுக்குத் தமிழ்ச்சொல்: ‘சுவடு’ குறித்து ஒரு மறுப்பு

அன்புள்ள குழுவினருக்கு, வணக்கம்.

வெள்ளிக்கிழமைக்குள் கையேடு அச்சகத்துக்குப் போயாக வேண்டும் என்பதால், ‘பெக்காஸ்’ என்னும் மலாய்ச் சொல்லுக்குத் தமிழில் ‘சுவடு’ என்று முடித்துவிடலாம் என்னும் பெரும்பான்மைக் கருத்தை நான் தடுக்கப் போவதில்லை. எனினும் அச்சொல்லால் எதை இழக்கிறோம் என்பதைப் பதிவு செய்யாமல் விட மனம் ஒப்பவில்லை.

இடையில் வந்து சேர்ந்தவர்களுக்காகச் சிக்கலை மீண்டும் சொல்கிறேன். மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் நாங்கள் நடத்தும் விடுமுறைக் கதைப் பட்டறையில் ஐந்தாம் படிவ மாணவர்கள் ஒரு கற்பனைத் தீவுலகைப் படைத்திருக்கிறார்கள். அங்குள்ள மெய்யியலார், ஒரு பொருளைத் தொட்டுப் புழங்கிய ஒவ்வொரு கையும் அதில் எதையோ விட்டுச் செல்கிறது என்றும், அவ்வாறு விடப்பட்டவற்றின் தொகுதியே அப்பொருள் என்றும், அவற்றை நீக்கிவிட்டால் அடியில் ஒன்றுமே இராது என்றும் கொள்கிறார்கள். அவர்களிடமிருந்து பிரிந்த இன்னொரு சாராரோ, விடப்படுவதை ஏற்க ஒரு கலம் வேண்டாமா, அந்தக் கலமே பொருள் என்கிறார்கள். இரு சாராரும் வழங்கும் சொல் ஒன்றே. மாணவர்கள் அதற்கு ‘பெக்காஸ்’ என்னும் மலாய்ச் சொல்லை வைத்துக்கொண்டார்கள். மலாயில் காயத்தின் தழும்பும் பெக்காஸ், முன்னாள் ஆசிரியர் என்பதில் வரும் ‘முன்னாள்’ என்பதும் பெக்காஸ், சோறு கொண்டுபோகும் டப்பாவும் பெக்காஸ். தீவுலகின் வழக்கு முழுவதும் இந்த ஒரு சொல்லுக்குள்ளேயே நடக்கிறது. இதை அறிந்துதான் செய்தீர்களா என்று கேட்டேன், சிரித்தார்கள்.

ஈப்போ ஐயா முன்வைத்த ‘எச்சம்’ இலக்கண அழகு உடையது. அஞ்சு என்பது அச்சமாவது போல எஞ்சு என்பது எச்சமாகிறது. பெயரெச்சமும் வினையெச்சமும் படித்த மாணவனுக்கு, முற்றுப்பெறாமல் இன்னொன்றை எதிர்பார்த்து நிற்பது என்னும் நுட்பம் தானே விளங்கும். ஐயா அத்துடன் நில்லாமல், ‘தக்கார் தகவிலர்’ என்னும் குறளில் எச்சத்துக்கு மக்கட்பேறு எனப் பரிமேலழகர் கொண்ட பொருள் தகுமா என்று மூன்று மடல்கள் எழுதினார்; பதிலுக்கு நானும் ஒன்று எழுதினேன், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அச்சொல்லைப் பலகையில் எழுதியபோது பின்வரிசை மாணவன் ஒருவன் நிமிர்ந்து கூரையைப் பார்த்தான். கடைவீட்டு மாடிகளில் பறவைக்கூடு வளர்க்கும் ஊரில், எச்சம் எது என்று அவனுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

‘வடு’ ஊறு ஒன்றையே சொல்லும். தீவுக்காரர்கள் தடவிக்கொடுத்த கையையும் கணக்கில் சேர்க்கிறார்கள்.

‘வாசனை’ என்பதைக் கோலாலம்பூர் அண்ணன் வடசொல் என்ற ஒரே காரணத்தால், 1916இல் மறைமலையடிகள் தொடங்கிய தனித்தமிழ் இயக்கத்தை நினைவூட்டித் தள்ளிவிட்டார். வாசனை என்றதும் மாணவர்கள் ஊதுபத்தியை நினைப்பார்கள் என்று சொல்லித் தள்ளியிருந்தால் மறுபேச்சின்றி ஏற்றிருப்பேன். வடசொல் என்று மட்டும் தள்ளியதுதான் உறுத்துகிறது. ஏனெனில் கட்டு நீங்கிய பின்னும் எஞ்சி நிற்கும் அதன் பழக்கமாகிய வாசனாமலம் பற்றிப் பேசும் சைவ சித்தாந்திகள் காட்டும் பெருங்காயப் பாண்டம்தான் நம் சிக்கலுக்கு மிக அருகில் வருகிறது. பெருங்காயம் தீர்ந்த பின்னும் மணம் நிற்கிறது. மணம் நிற்கப் பாண்டமும் இருக்கிறது. மாணவர்கள் கேட்ட இரண்டும் அங்கே உள்ளன, ஆனால் ஒரே சொல்லில் இல்லை.

முப்பது ஆண்டுகள் ரப்பர் தோட்டத்தில் பால்மரம் வெட்டிய என் அம்மாவிடமும் கேட்டேன். வெட்டிய பட்டையைப் பார்த்தே அந்த நிரையில் யார் உளி ஓடியது என்று சொல்லிவிடலாம் என்றார். பிறகு, ‘ஒட்டுப்பால் மாதிரியா?’ என்று கேட்டார். நேற்றைய வெட்டில் காய்ந்து ஒட்டியிருப்பதை உரித்தெடுத்துவிட்டுத்தான் இன்றைய வெட்டைத் தொடங்குவார்கள். தீவுக்காரர்களின் கொள்கையிலோ உரித்தெடுக்க முடிந்தது எதுவும் இல்லை. ஆகவே ‘ஒட்டு’ பொருந்தாது. ஆயினும் பால் பிடிக்கும் மங்குக் கிண்ணத்தையும் அதில் உறைந்த கட்டிப்பாலையும் சேர்த்து அவர் கையால் காட்டியபோது, நாம் கலத்தை மறந்து தடயத்தையே தேடிக்கொண்டிருக்கிறோம் என்பது எனக்கு உறைத்தது.

அதனால்தான் ‘தடம்’ என்றேன். அடி பதிந்த இடமும் தடம்; பழைய வழக்கில் நீர் நிற்கும் குளமும் தடம். பதிவும் கொள்ளிடமும் ஒரே சொல்லில் நம்மிடமே இருக்கின்றன. ஆண்டாள் நூறு தடாவில் வெண்ணெய் நேர்ந்துகொண்டதைக் காட்டி, தடா என்னும் பெரும்பானையும் இதே வேர்தான் என்று தைப்பிங் ஆசிரியை எழுதியது எனக்கு இனிப்பாகத்தான் இருந்தது. அதை நிறுவ முடியாது என்பதால் என் வாதத்தில் சேர்க்கவில்லை. எதிர்ப்புகளும் நியாயமானவை. இங்குள்ள மாணவர்களுக்குத் தடம் என்றால் ஓட்டமும் தாண்டலும் நடக்கும் திடல்தடப் போட்டி. கொள்கைப் பெயராகத் ‘தடவியம்’ என்று ஆக்கினால் தடயவியலோடு குழம்பும். ‘சுவடு’ என்பதோ, முரடு முரட்டு என்றாவது போல டகரம் இரட்டித்துச் ‘சுவட்டியம்’ என்று அழகாக அமைகிறது. அந்த ஓசைக்காகவே பலர் கைதூக்கினீர்கள் என்று நினைக்கிறேன்.

ஆனால் சுவட்டுக்குள் எதையும் ஊற்றிவைக்க முடியாது. அச்சொல்லை அச்சிட்ட கணமே, முதல் சாரார் வழக்கில் வென்றுவிடுகிறார்கள். மாணவர்கள் முடிக்காமல் விட்டதை மொழிபெயர்த்த நாம் முடித்துவைக்கிறோம். மூன்றாம் அத்தியாயத்தில் கலக் கட்சிக் கிழவி, ‘பெக்காஸ் இல்லாமல் பெக்காஸ் எங்கே தங்கும்?’ என்று கேட்டு அவையை வாயடைக்கச் செய்கிறாள். ‘சுவடு இல்லாமல் சுவடு எங்கே தங்கும்?’ என்று படித்துப் பாருங்கள். நாளை மாலைக்குள் அந்த வரியை யார் திருத்தித் தருகிறீர்கள் என்று தெரிவித்தால் போதும்.